சொல்லே கருவி: மொழியால் உலகை மாற்றும் மந்திரக் கழகத்தைக் கதையில் அமைக்கும் முறை

மொழியால் உலகை வளைக்கும் மந்திரவாதிகளை வைத்துக் கதை எழுதத் தொடங்குபவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில் தடுக்கி விழுகிறார்கள். மந்திரவாதி ஏதோ முணுமுணுக்கிறார், ஒளி தெறிக்கிறது, பாறை பிளக்கிறது. அவர் சொன்னது என்ன, அது ஏன் பலித்தது, அடுத்த முறை எதனால் பலிக்காமல் போகும் என்று வாசகருக்குத் தெரியாது. அது தெரியாதபோது, ஆபத்தான காட்சியில்கூட வாசகருக்குப் பதற்றம் வராது. எழுத்தாளர் நினைத்தால் காப்பாற்றுவார் என்று படித்துக்கொண்டே போவார்.

தமிழில் எழுதுபவருக்கு இந்தச் சிக்கலுக்கு நல்ல தீர்வு கையிலேயே இருக்கிறது. மந்திரத்தின் ஆற்றல், எல்லை, விலை, விபத்து ஆகிய நான்கையும் இலக்கணத்திலிருந்தே எடுங்கள். வெளியிலிருந்து ஒரு விதியையும் கொண்டுவந்து ஒட்டாதீர்கள். மாயக்கல், மந்திரக்கோல், குருதிப்பலி எதுவும் வேண்டாம். வாசகர் பள்ளியில் படித்த தன்வினை, பிறவினை, வேற்றுமை, எச்சம் போதும். விதிகள் அவருக்கு ஏற்கெனவே தெரிந்தவை என்பதால், அவை கதையில் உயிர்பெறும்போது வியப்பு இரட்டிப்பாகும்.

தொடங்குவதற்குத் தொல்காப்பியச் செய்யுளியல் தரும் வரையறையே போதுமானது. நிறைமொழி மாந்தர் தம் ஆணையால் சொல்லும் மறைமொழிதான் மந்திரம் என்கிறது அது. இதில் நீங்கள் கட்ட வேண்டிய மூன்றும் இருக்கின்றன. சொல்பவர் யார், எந்த வடிவில் ஆணையிடுகிறார், அதில் எது மறைக்கப்பட்டிருக்கிறது. முதலாவதுக்கு மந்திரவாதிகளின் அமைப்பான கழகம், இரண்டாவதுக்கு இலக்கணம், மூன்றாவதுக்கு உங்கள் கதை.

ஆற்றல் எதில் இருக்கிறது?

எழுத்தொலி, பெயர், வாக்கியம் என மூன்று வழிகள் உண்டு. ஒன்றை மட்டும் தேர்ந்தெடுங்கள். ஆற்றல் ஒலியில் இருந்தால் வாசகரால் எதையும் முன்கூட்டி ஊகிக்க முடியாது. பெயரில் இருந்தால், கதை முழுவதும் உண்மைப் பெயரைத் தேடும் பயணமாகச் சுருங்கிவிடும். வாக்கியத்தில் வைப்பதே சிறந்தது என்பது எங்கள் உறுதியான கருத்து. வாக்கியத்துக்கு எழுவாய், செயப்படுபொருள், பயனிலை, உருபு, காலம், இடம் என்று பல உறுப்புகள் உண்டு. ஒவ்வொன்றும் தனித்தனியே பழுதாகலாம். பழுதாகக்கூடிய உறுப்புகள் எத்தனையோ, அத்தனை காட்சிகள் உங்களுக்குக் கிடைக்கும்.

ஆணைக்கு மூன்று வடிவங்கள்

எல்லா வாக்கியமும் பலிக்கும் என்று வைத்தால், சாப்பாட்டு நேரப் பேச்சுகூட உலகை அழித்துவிடும். ஆகவே முறையாகப் பலிக்கும் வடிவங்களை மூன்றோடு நிறுத்துங்கள்; மற்றவை பின்னால் வரும் கள்ளவழிகளும் விபத்துகளும்தான்.

முதலாவது ஏவல்: "தீயே, அடங்கு." ஏவல் முன்னிலைக்கு மட்டுமே உரியது. ஆகவே பொருள் எதிரே இருக்க வேண்டும். சொல்பவரின் குரல் எட்டும் தொலைவுக்குள் இருக்க வேண்டும். பொருளை விளித்தால்தான் அது முன்னிலையாகும் என்பதால் அங்கே விளியை விடக்கூடாது.

இரண்டாவது வியங்கோள்: "தீ அடங்குக." க, இய, இயர் என்று முடியும் இந்த வினை மூன்று இடத்துக்கும் எல்லாப் பாலுக்கும் பொது. அதனால் பார்வையில் இல்லாத பொருளின்மீதும், ஒரு கூட்டத்தின்மீதும் செல்லும். வாழ்த்தும் வசவும் இதே வடிவில்தான் வருகின்றன என்பது கதைக்குப் பெரிய கொடை. இதற்கு ஒரு குறையை வையுங்கள்: மெல்லத்தான் பலிக்கும். தீ அணையச் சில நாழிகை ஆகலாம்.

மூன்றாவது தன்மை நிகழ்காலம்: "தீயை அடக்குகிறேன்." சொன்ன கணமே பலிக்கும்; விலையும் உண்டு. இந்த வடிவத்துக்கு மெய்யியல் துணையும் இருக்கிறது. "வாக்குறுதி தருகிறேன்", "இக்கப்பலுக்குப் பெயர் சூட்டுகிறேன்" போன்ற கூற்றுகள் செய்தி சொல்வதில்லை, சொல்வதன் மூலமே ஒரு செயலைச் செய்கின்றன என்று ஆங்கில மெய்யியலாளர் ஜே. எல். ஆஸ்டின் 1955இல் ஹார்வர்ட் பல்கலைக்கழகச் சொற்பொழிவுகளில் விளக்கினார். அவர் எடுத்துக்கொண்ட முதன்மையான வடிவம் தன்மை ஒருமை நிகழ்காலம்தான்.

இறந்தகாலத்தை என்ன செய்வது? தீ எரிந்துகொண்டிருக்கும்போது "தீ அடங்கியது" என்றால் அது பொய். நடந்ததை மாற்றும் ஆற்றலைக் கொடுத்துவிட்டால் உங்கள் கதையில் எந்த இழப்புக்கும் பொருள் இருக்காது. எனவே இப்படி வையுங்கள்: இறந்தகால ஆணை கேட்டவரின் நினைவை மட்டும் மாற்றும், தீ எரிந்துகொண்டேதான் இருக்கும். கழகம் மிகவும் அஞ்சும் குற்றம் இதுவாக இருக்கட்டும். எதிர்காலத்தில் "தீ அடங்கும்" என்பது எப்போது என்று சொல்லாத வெறும் வாக்கு. காலச்சொல் சேர்க்காவிட்டால் பலனில்லை.

விலை வினைச்சொல்லுக்குள்ளேயே இருக்கிறது

தமிழ் வினைகளில் பல இணையாகவே வாழ்கின்றன. உருகு–உருக்கு, அடங்கு–அடக்கு, திரும்பு–திருப்பு, எழும்பு–எழுப்பு, நீங்கு–நீக்கு, ஒடுங்கு–ஒடுக்கு, சுருங்கு–சுருக்கு, கலங்கு–கலக்கு, இறங்கு–இறக்கு, பெருகு–பெருக்கு, மாறு–மாற்று, விலகு–விலக்கு. இடப்பக்கம் தன்வினை, வலப்பக்கம் பிறவினை. மெல்லெழுத்து வல்லெழுத்தாகிறது, அல்லது ஒற்று இரட்டிக்கிறது, அவ்வளவே வேறுபாடு.

இதிலிருந்து ஒரே விதியை எடுங்கள்: பிறவினையால் ஆணையிட்டவர்மீது அதன் தன்வினை திரும்பி விழும். கல்லை உருக்கியவர் கொஞ்சம் உருகுவார். அதாவது எடை குறைவார். படையை அடக்கியவரின் குரல் அடங்கும். ஒருவரின் நினைவைக் கலக்கியவர் கலங்குவார். ஆற்றைத் திருப்பியவரின் கால்கள் சில நாள் அவர் நினைத்த திசைக்குப் போகாமல் திரும்பும். விலைப்பட்டியல் எதையும் மனப்பாடம் செய்யத் தேவையில்லை. வாசகரே கணக்குப் போட்டு, ஆணை வாயிலிருந்து வருமுன்பே "ஐயோ, இதைச் சொல்லாதே" என்று நினைப்பார். அந்த எண்ணம் வந்துவிட்டால் உங்கள் அமைப்பு வேலை செய்கிறது என்று பொருள்.

எழுதத் தொடங்குமுன் இப்படி 20 இணைகளைத் தாளில் எழுதி, ஒவ்வொன்றுக்கும் எதிரே திரும்பி விழும் விளைவை ஒரு வரியில் குறித்துவிடுங்கள். கதை நடுவில் இட்டுக்கட்டினால் ஒன்றோடொன்று முரண்படும்.

விலையிலிருந்து தப்பிக்கும் கள்ளவழியும் இலக்கணத்திலேயே இருக்கிறது. "கல் உருக்கப்படுகிறது" என்று செயப்பாட்டுவினையில் சொன்னால், செய்தவர் யார் என்பது மறைந்துவிடும். விலை எங்கே போகும்? அருகில் இருக்கும் யாரேனும் ஒருவர்மீது. கழகத்துக்குள் பணக்காரப் புரவலர்களுக்காகச் செயப்பாட்டில் ஆணையிட்டு, வேலையாட்கள்மேல் விலையை இறக்கும் ஒரு பிரிவை வைத்துப் பாருங்கள். வில்லனுக்குத் தனியாகத் தீய மந்திரம் கண்டுபிடிக்க வேண்டிய தேவையே இருக்காது. அலுவலக அறிக்கைகளில் "தவறு நேர்ந்துவிட்டது", "முடிவு எடுக்கப்பட்டது" என்று படித்துப் பழகிய வாசகர் இந்தக் குற்றத்தை உடனே அடையாளம் காண்பார்.

குறி பிசகுவது எப்படி

ஆணை யார்மேல், எதனால், யாருக்காக, எங்கிருந்து என்பதை வேற்றுமை உருபுகள் தீர்மானிக்கின்றன. ஐ குறியைக் காட்டும், ஆல் கருவியை, கு பெறுபவரை, இன் நீங்கும் இடத்தை, இல், கண் நிகழும் இடத்தை. இவற்றில் கதைக்கு மிகுந்த தொல்லை தரக்கூடியது ஐந்தாம் வேற்றுமை. நீங்கல், ஒப்பு, எல்லை, ஏது (காரணம்) என நான்கு பொருளில் வருவதால் "மலையின்" என்று தொடங்கும் ஆணை மலையிலிருந்தா, மலையைப் போலவா, மலையைவிடவா என்று உலகம் தானே முடிவெடுக்கும்.

அதைவிட ஆபத்து, உருபை விட்டுவிடுவது. "புலி கொன்ற யானை" என்ற பழைய எடுத்துக்காட்டை நினைத்துக்கொள்ளுங்கள். யானை புலியைக் கொன்றதா, புலியால் யானை இறந்ததா? இரண்டுக்கும் அதே மூன்று சொற்கள். இதை இலக்கணத்தார் தடுமாறு தொழிற்பெயர் என்பார்கள். கழகத்துப் பழைய ஏடு ஒன்றில் "அரக்கன் வென்ற அரசன் எழுக" என்று இருந்து, அவசரத்தில் ஒருவர் அதைப் படித்துவிட்டால் எழுந்துவருபவர் வென்றவரா தோற்றவரா? ஒரு முழு அத்தியாயத்தை இதில் நகர்த்தலாம்.

எழுத்து மந்திரத்துக்குத் தனியாக ஒரு கண்ணி உண்டு: வல்லினம் மிகுவது. "வேலை கொடு" என்றால் பணி. "வேலைக் கொடு" என்றால் ஆயுதம். ஓர் ஒற்று விடுபட்டால், போர்க்களத்தில் கையில் வேல் வந்து விழவேண்டிய இடத்தில் செய்து முடிக்க வேண்டிய பணி ஒன்று வந்து நிற்கும். பேச்சில் இதை நிறுத்தி உச்சரித்துக் காட்டலாம்; ஓலையிலும் தாளிலும் திருத்தமாக எழுதியே ஆகவேண்டும். அதனால்தான் கழகத்தின் எழுத்துப் பிரிவுக்கும் பேச்சுப் பிரிவுக்கும் இடையே உரசல் இருப்பது இயல்பாக அமையும்.

முடியாத சொல், முடிவே இல்லாத சொல்

"திறந்து" என்று சொல்லிவிட்டு நிறுத்தினால் அது வினையெச்சம். செயல் தொடங்கிவிட்டது, முற்றுக்காகக் காத்திருக்கிறது. விதியை இப்படி வையுங்கள்: தொங்கும் எச்சம், அடுத்துக் காதில் விழும் வினைமுற்றைப் பிடித்துக்கொள்ளும், அதைச் சொன்னவர் யாராக இருந்தாலும். சாகும் தறுவாயில் ஒரு சொல்லாளர், அதாவது ஆணையிடும் மந்திரவாதி, "கதவுகள் எல்லாம் திறந்து..." என்று விட்டுவிட்டுப் போனால், அந்த அறைக்குள் நுழைபவர் எவரும் ஒரு வினைமுற்றும் பேசக்கூடாது. பெயரெச்சம் அடுத்து வரும் பெயரைப் பிடிக்கும் என்பதால் அது இன்னும் கொடியது. அங்கே யாருடைய பெயரையும் சொல்லிக் கூப்பிட முடியாது.

எதிர்மறை வேறு வகை. "தீ எரியவில்லை" என்பதற்கு ஓர் எல்லை உண்டு. "இங்கே தீ எரியாது" என்பதற்குக் கால எல்லை இல்லை. அந்த வடிவத்தில் கால இடைநிலையே கிடையாது. கிராமத்தை நெருப்பிலிருந்து காக்க நினைத்த இளம் சொல்லாளர் இதைச் சொன்னால், அந்த ஊரில் அடுப்பும் விளக்கும் தலைமுறை தலைமுறையாக எரியாது. எதிர்மறை ஆணைகளுக்கு "விடியும் வரை" போன்ற எல்லைச்சொல் கட்டாயம் என்று கழக விதியில் எழுதி வையுங்கள். பிறகு யாரேனும் அதை மறக்கட்டும்.

ஏழு வழுக்களே சட்டப்புத்தகம்

கழகத்துக்குக் குற்றவியல் சட்டம் வேண்டும். நன்னூல் அதையும் தயாராக வைத்திருக்கிறது: திணை, பால், இடம், காலம், வினா, விடை, மரபு என்னும் ஏழும் மயங்குவது வழு. ஏழு குற்றங்கள், ஏழு தண்டனைகள். பிழையற்ற பேச்சுக்கு வழாநிலை என்று பெயர் இருப்பதால், கதையில் உங்கள் அமைப்பை வழாநிலைக் கழகம் என்றே அழைக்கலாம்.

மரபு வழு மிகச் சிறியது. மயில் அகவும், குயில் கூவும். "மயிலே, கூவு" என்றால் மயிலின் தொண்டையில் குயில் குரல் வரும், மாலைக்குள் சரியாகிவிடும். மாணவர்களுக்கு முதல் பயிற்சியாக இதைக் கொடுங்கள். வினா வழு கொஞ்சம் சங்கடமானது: ஒற்றை விரலைக் காட்டி நெடியதா குறியதா என்று கேட்பது போல, விடை இருக்க முடியாத கேள்வியை உலகத்திடம் கேட்டால் அந்த இடத்தில் எந்த ஆணையும் சிறிது நேரம் பலிக்காது. தற்காப்புக்கு அருமையான கருவி. பால், இடம், விடை வழுக்களைத் தேவைப்பட்டால் மட்டும் தொடுங்கள். காலவழுவை இறந்தகால ஆணையில் பார்த்துவிட்டோம்.

திணைவழுதான் கதையின் நெஞ்சு. தமிழ் உலகை உயர்திணை, அஃறிணை என இரண்டாகப் பிரிக்கிறது. படர்க்கை வினைமுற்றுகளில் பெரும்பாலானவை அந்தப் பிரிவைத் தம் விகுதியில் சுமக்கின்றன; இவள், இது போன்ற சொற்களும் அதைச் சுமக்கின்றன. ஆகவே "ஆறே, நில்" என்பது சாதாரண ஆணை. "இவள் நிற்க" என்று ஆற்றைச் சுட்டிச் சொன்னால் ஆற்றுக்கு மனம் வந்துவிடும். மனம் வந்தது கேள்வி கேட்கும், மறுக்கும், கோபப்படும். அணை கட்ட வந்தவர்கள் ஆற்றோடு பேச்சுவார்த்தை நடத்த வேண்டிவரும்.

மறுதிசையில் போனால் நடுக்கமே வரும். எதிரே நிற்கும் மனிதரைச் சுட்டி "இது நிற்க" என்று சொன்னால், அவர் நிற்பார். ஆனால் விருப்பம், அச்சம், பெயர் எல்லாம் கழன்று ஒரு பொருளாக நிற்பார். உடலில் ஒரு கீறலும் இருக்காது. கழகம் இதற்கு மன்னிப்பே வழங்கக்கூடாது. அடிமைகளை வைத்திருக்கும் அரசு ஒன்று இந்த ஒரு ஆணைக்காகக் கழகத்தை விலைக்கு வாங்க முயல்வது கதையின் முதுகெலும்பாகலாம். இந்த இடத்தில் அவசரப்படாதீர்கள். முதல் முறை இது நடக்கும் காட்சிக்கு, அதற்கு முன் அந்த மனிதரை வாசகர் விரும்பும் அளவுக்குப் பக்கங்கள் கொடுங்கள்.

விதிவிலக்கும் இலக்கணத்திலேயே உண்டு. மகிழ்ச்சியில் தன் பசுவை "என் அம்மை வந்தாள்" என்று ஒருவர் சொன்னால் அது குற்றமில்லை, வழுவமைதி, அதாவது இலக்கணம் ஏற்றுக்கொள்ளும் பிழை. உவப்பு, உயர்வு, சிறப்பு, செறல், இழிப்பு ஆகிய ஐந்து காரணங்களால் திணையும் பாலும் மயங்கலாம் என்று நன்னூல் இடம் கொடுக்கிறது. எனவே விசாரணை மன்றத்தில் கேட்கப்படும் கேள்வி "என்ன சொன்னாய்" என்பதோடு முடியாது. "சொல்லும்போது உன் நெஞ்சில் இருந்தது இந்த ஐந்தில் எது" என்றும் கேட்பார்கள். செறல் என்றால் சினம். அதுவும் அந்தப் பட்டியலில் இருக்கிறது என்பதைக் கவனியுங்கள். சினத்தில் ஒருவரை "அது" என்று சொன்னது வழுவமைதியா, குற்றமா? உங்கள் மன்றம் பிளவுபட இதுபோதும்.

கழகம் ஏன் வேண்டும்?

விதிகள் எல்லாருக்கும் தெரிந்த இலக்கணம் என்றால், தெருவில் போகிற எவரும் ஆணையிடலாமே, கழகம் எதற்கு? இந்தக் கேள்விக்கு விடை இல்லாத கதைகளில் கழகம் வெறும் கட்டடமாகவே நிற்கும். விடை, ஆஸ்டின் சொன்ன இன்னொரு கருத்தில் இருக்கிறது. நீதிபதி அல்லாதவர் "தண்டனை விதிக்கிறேன்" என்றால் ஒன்றும் நடக்காது. உரிய அதிகாரமும் உரிய நடைமுறையும் இல்லாத சொல் செயலாகாது. ஆகவே கழகம் மூன்றைத் தரட்டும்: அதிகாரம், சாட்சி, சொற்பதிவு.

அதிகாரம் என்பது சேர்க்கைச் சடங்கில் உறுப்பினருக்குத் தரப்படும் உரிமை. பறிக்கவும் படலாம். சாட்சி என்பது இன்னும் முக்கியம். புரிந்துகொள்ள ஒருவர்கூட இல்லாத இடத்தில் மொழி வெறும் ஓசை. எனவே ஆணையைக் கேட்டுப் புரிந்துகொள்ளும் ஒருவராவது அருகில் இருந்தால்தான் பலிக்கும் என்று வையுங்கள். அவரைச் செவியர் என்று அழைக்கலாம். சொல்லாளர் இருவராகவே பயணம் செய்வார்கள். செவியரின் காதை அடைத்தால் சொல்லாளர் நிராயுதபாணி. சாகும் மொழி ஒன்றின் கடைசிப் பேச்சாளருக்கு ஏன் ஆற்றல் போனது என்பதற்கும் இதுவே விளக்கம்.

சைகை மொழியை விட்டுவிடாதீர்கள். சைகை மொழிகளுக்கும் பேச்சு மொழிகளைப் போலவே முழு அமைப்பு உண்டு என்பதை மொழியியலாளர் வில்லியம் ஸ்டோக்கோ 1960இல் அமெரிக்கச் சைகை மொழியைக் கொண்டு காட்டினார். கையால் ஆணையிடும் சொல்லாளருக்குச் செவியர் தேவையில்லை, பார்ப்பவர் போதும். இருட்டு அவருக்கு எதிரி. இரைச்சல் அவருக்கு ஒரு பொருட்டே இல்லை.

சொற்பதிவு என்பது எந்தச் சொல் இன்று எந்தப் பொருளில் வழங்குகிறது என்ற ஏடு. நாற்றம் என்ற சொல் ஒரு காலத்தில் நறுமணத்தையும் குறித்தது. பழைய ஏட்டிலிருந்து "நாற்றம் பெருகுக" என்று இன்று படித்தால் விழா மண்டபம் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை. பழைய ஆணைகளை ஆண்டுதோறும் சரிபார்க்கும் ஊழியர் கழகத்தில் வேண்டும். எங்களைக் கேட்டால், கழகத்தின் உயர்ந்த பதவி தலைவர் பதவி அல்ல. பிழை திருத்துநர் பதவிதான். பலித்த ஆணையைத் திருத்தும் உரிமை அவருக்கு மட்டுமே இருக்கட்டும்.

அளவைச் சிறிதாக வையுங்கள். 40 முதல் 60 பேர் போதும்; எல்லாருக்கும் எல்லாரின் குரலும் தெரிந்திருக்கும் அளவு அது. வாசகர் பெயரோடு நினைவில் வைத்துக்கொள்ள வேண்டியவர்கள் ஐந்து பேருக்கு மேல் வேண்டாம். பயிற்சியை எழுத்து, சொல், பொருள் என மூன்று நிலையாகப் பிரிக்கலாம். எழுத்து நிலையில் ல, ள, ழ வேறுபாடும் ர, ற வேறுபாடும் பிசகாமல் வரும்வரை ஆணை எதுவும் கற்பிக்கக்கூடாது. அறம் என்று சொல்ல நினைத்து அரம் என்று உச்சரிப்பவரின் கையில் இரும்பு ராவும் கருவி வந்து நிற்கும்.

எழுத்துத் தமிழ் மட்டும்தான் பலிக்குமா, பேச்சுத் தமிழும் பலிக்குமா என்பதையும் இங்கேயே முடிவு செய்யுங்கள். இரண்டும் பலிக்கும் என்று வைத்து, கழகம் மட்டும் அதை மறைத்து வருகிறது என்றால் கதைக்கு உள்ளிருந்தே ஒரு கலகம் கிடைக்கும்.

மாத்திரைக் கணக்கு

கண் இமைக்கும் நேரம், விரல் நொடிக்கும் நேரம் ஒரு மாத்திரை. குறில் 1, நெடில் 2, மெய்யும் ஆய்தமும் குற்றியலுகரமும் அரை. சொல்லின் இறுதியில் வரும் ஐகாரம் குறுகி 1. சண்டைக் காட்சியில் யார் முந்துவார் என்பதை இதைக்கொண்டே தீர்மானிக்கலாம்.

"தீயே, அடங்கு" என்பதில் தீ 2, யே 2, அ 1, ட 1, ங் ½, கு ½, மொத்தம் 7. "தீயை அடக்குகிறேன்" என்பதில் தீ 2, யை 1, அ 1, ட 1, க் ½, கு 1, கி 1, றே 2, ன் ½, மொத்தம் 10. உடனே பலிக்கும் வடிவம் சொல்லி முடிக்க நீளமானது. அந்த மூன்று மாத்திரையில்தான் சண்டை நடக்கும்.

மேசை விளையாட்டாக நடத்துபவர்கள் இதையே ஆற்றல் புள்ளியாக வைத்துக்கொள்ளலாம். மாணவருக்கு நாளொன்றுக்கு 40 மாத்திரை, முழு உறுப்பினருக்கு 100 என்று தொடங்கிப் பாருங்கள். விளையாடுபவர் தன் ஆணையைத் தானே எழுதி, மாத்திரையைத் தானே எண்ண வேண்டும். ஒரு வாக்கியத்துக்கு 1 நிமிடம் மணல்கடிகை. தொலைவில் இருப்பதை விளிக்க அளபெடை: "தீயேஎ" என்று நீட்டினால் ஒரு மாத்திரை கூடும், எட்டும் தொலைவும் கூடும். தொலைவில் இருப்பவரை விளிக்கும்போது நீட்டுவது இலக்கணம் சொல்லும் வழக்கம்தான்.

இடையில் வாயைப் பொத்தினால் என்ன ஆகும்? இங்கே தமிழின் ஒட்டுநிலை அமைப்பு, அதாவது அடிச்சொல்லோடு உறுப்புகள் ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டும் முறை, அழகாக வேலை செய்கிறது. "தீயை அடக்குகிறேன்" என்பதைப் பாதியில் வெட்டினால் "தீயை அடக்கு" என்று நின்றுவிடும். அது முழுமையான ஏவல். எதிரே நிற்பவர், அதாவது வாயைப் பொத்திய அதே ஆள், தீயை அடக்கப் பாய்ந்தாக வேண்டும், விலையும் அவருக்கே. ஆணைகளை எழுதும்போது ஒவ்வொன்றையும் எங்கெங்கே வெட்டலாம், வெட்டினால் என்ன மிஞ்சும் என்று பாருங்கள். நல்ல சண்டைக் காட்சிகள் பெரும்பாலும் இந்த வெட்டுகளில் ஒளிந்திருக்கின்றன.

அணிகளும் பூட்டுகளும்

உவமைக்கும் உருவகத்துக்கும் இடையிலான கோடு உயிரைக் காக்கும் கோடு. "மலர்முகம்" என்றால் முகம் மலர் போல் தோன்றும், கொஞ்ச நேரத்துக்கு. "முகமலர்" என்று முறை மாறினால் உருவகம். முகம் மலராகவே ஆகிவிடும். ஆகுபெயரும் அப்படியே. "ஊர் உறங்குக" என்றால் மக்களும் உறங்கலாம், வீதிகளும் கிணறுகளும் உறங்கலாம்.

நீடித்துக் காக்கும் ஆணைக்கு அந்தாதி. ஒரு பாடலின் முடிவு அடுத்ததின் தொடக்கம். கடைசி முதலோடு சேர்ந்து வட்டமாகும். கோட்டைச் சுவரைச் சுற்றி இப்படி எழுதலாம். எங்காவது ஒரு சொல் சிதைந்தால் வட்டம் முழுவதும் அவிழும் என்பதால் எதிரி தேடுவது அந்தப் பலவீனமான ஒரு சொல்லைத்தான். பூட்டுக்கு மாலைமாற்று: "மாறுமா" போல எந்தப் பக்கமிருந்து படித்தாலும் ஒன்றாக இருப்பதைத் தலைகீழாகச் சொல்லி அவிழ்க்க முடியாது.

மறைவாக ஆணையிட இதழகல். ப, ம, வ ஆகியவையும் உ, ஊ, ஒ, ஓ, ஔ ஒலிகளும் இல்லாமல் அமைத்தால் உதடு ஒட்டாது, குவியாது. உதட்டை உற்றுப் பார்க்கும் காவலருக்குப் பிடிபடாது. "தீயே, அடங்கு" இதற்கு உதவாது, கடைசியில் உகரம் இருக்கிறது. "கனலே, தணிக" உதவும். அதுவும் 7 மாத்திரைதான். ஆனால் வியங்கோள் என்பதால் மெல்லத்தான் தணியும். ஒரு பக்கம் கிடைத்ததை மறுபக்கம் இழப்பது இப்படி இலக்கணத்திலிருந்தே வரும்போது, எழுத்தாளர் இடையில் புகுந்து தடை போட்டதாகத் தோன்றாது.

எதிரியின் ஆணையை முறியடிக்கச் சிலேடை. அவர் "மாலை வருக" என்று பொழுதைச் சாய்க்க முயன்றால், எதிர்ச்சொல்லாளர் "கழுத்தில் விழுக" என்று முடித்து, பொழுதைப் பூமாலையாக்கலாம். முடிப்பவரின் பொருளே நிற்கும்.

பக்கத்தில் எழுதும்போது

ஆணைகள் ஐந்து சொல்லுக்கு மேல் போகவேண்டாம்; அவற்றைத் தனி வரியில் வையுங்கள். ஒரு விதி கதையைத் தீர்க்கும் இடத்துக்கு வருமுன், அது ஒருமுறை பலித்தும் ஒருமுறை பிசகியும் வாசகர் பார்த்திருக்க வேண்டும். இலக்கணக் கலைச்சொற்களைக் கதை மாந்தர் வாயில் அளவோடு வையுங்கள். "செயப்பாட்டில் சொல்லிவிட்டான்" என்று செவியர் பதறுவது போதும், விளக்கவுரை வேண்டாம். சொந்தமாக ஒரு மொழியை உருவாக்க ஆசைப்பட்டால், அதிலும் தன்வினை–பிறவினை போல விலையைச் சுமக்கும் ஓர் இணையை முதலில் அமைத்துவிட்டுப் பிறகு சொற்களுக்குப் போங்கள்.

ஒவ்வொரு ஆணைக்கும் குறிப்பேட்டில் ஒரு வரி ஒதுக்குங்கள்: சொல்லப்பட்ட சொற்கள், வடிவம், மாத்திரை, சொன்னவர், செவியர், திரும்பி விழுந்த விலை, வெட்டினால் மிஞ்சுவது, இன்னும் தொங்கும் எச்சம். கடைசிக் கட்டத்தை அத்தியாயம் முடியும்போதெல்லாம் பாருங்கள். அங்கே தீர்க்கப்படாத ஓர் எச்சம் இருந்தால், அடுத்த அத்தியாயத்தில் முதலில் வாய் திறப்பவர் யார் என்பதை மிகக் கவனமாகத் தேர்ந்தெடுங்கள்.